பில்லக்காவின் கதாநாயகன்

மர அறுவை ஆலையில் பில் போடுகிறவளுக்கு எல்லாரும் வைத்த பெயர் பில்லக்கா. அவளைவிட மூத்தவர்களும் அப்படித்தான் கூப்பிட்டார்கள். முப்பத்தாறு வயது. யாராவது கல்யாணப் பேச்சை எடுத்தால், எடுத்த வேகத்தில் வைத்துவிட்டுப் போவார்கள்; அப்படி ஒரு பார்வை. அவள் காதல் நாவல் எழுதி, அது அச்சாகிக் கடைக்கே வந்துவிட்டது என்று தெரிந்தபோது ஆலை முழுக்க வாயைப் பிளந்தது.

"அறுவை மில்லுல எழுதின கதை, அறுவையாத்தான் இருக்கும்" என்றான் லாரி ஓட்டுநர். முதல் பிரதியை வாங்கியவனும் அவன்தான்.

நாவலின் பெயர் 'சிராய்'. மரம் வாங்க வந்த பெண்ணின் விரலில் சிராய் ஏறிவிடுகிறது. ஆலையில் வேலை செய்கிறவன் அதை எடுத்துவிடுகிறான். சிராய் வந்துவிட்டது, கையை விடத்தான் மனம் வரவில்லை. அதன் பிறகு முன்னூறு பக்கத்துக்கு அவன் வாயே திறப்பதில்லை. அகன்ற தோள், இடது புருவத்தில் ஒரு வெட்டுத் தழும்பு. ஆள் அவ்வளவுதான்.

லாரி ஓட்டுநருக்கு இடது புருவத்தில் தழும்பு உண்டு. மறுநாளிலிருந்து அவன் பில் வாங்க வரும்போதெல்லாம் அந்தப் புருவத்தைத் தூக்கிக்கொண்டே நின்றான். முதலாளி இன்னும் ஒரு படி மேலே போனார். முடிதிருத்தும் கடையில் புருவத்தை ஒதுக்கிக்கொண்டு வந்தார். அடியில் சின்ன வயதில் விழுந்த காயத்தின் தழும்பு இருக்கிறதாம்.

விஷயம் வீட்டுக்குப் போகாமல் இருக்குமா? முதலாளியம்மா நேராக பில் அறைக்கு வந்து உட்கார்ந்தார்.

"உண்மையைச் சொல்லு. கதையில வர்றது எங்க வீட்டுக்காரரா?"

"ஐயோ, இல்லம்மா. கதையில வர்றவன் பேசவே மாட்டான்."

முதலாளியம்மாவின் முகம் தெளிந்தது. "அப்ப சத்தியமா இவரு இல்ல" என்று எழுந்தவர், போகிற போக்கில் மேசையில் இருந்த ஒரு பிரதியை எடுத்துக்கொண்டும் போனார்.

புத்தகத்தைப் பற்றி ஒரு வார்த்தையும் சொல்லாதவர் சாணைக்காரர் மட்டும்தான். ரம்பப் பற்களைத் தீட்டுகிற அவருடைய கொட்டகை பில் அறைக்கு எதிரே இருந்தது. ஒல்லியான மனிதர், நாற்பதைத் தொட்டவர், தனிக்கட்டை. சாப்பாட்டு நேரத்தில் சாணைக்கல்லின் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு அத்தியாயமாகப் படித்து முடித்தார். முடித்த அன்று பில்லக்காவைக் கூப்பிட்டார்.

"ஏங்க, அவன் ஏன் கடைசிவரைக்கும் சொல்லவே இல்ல? ஒரு வார்த்தை சொல்லியிருந்தா முப்பது பக்கத்துல முடிஞ்சிருக்குமே."

"சில பேரு அப்படித்தான். மரம் அறுக்கிற இடத்துல இருந்து இருந்து மரமாவே ஆயிடறாங்க."

"அவளாவது கேட்டிருக்கலாம்ல?"

"கேட்டிருந்தா என்ன சொல்லியிருப்பான்?"

சாணைக்காரருக்குக் காது சிவந்தது. அவசரமாகச் சாணையை ஓடவிட்டார். தீப்பொறி பறந்தது. அந்தச் சத்தத்தில் அவர் உதடு அசைந்தது மட்டும்தான் தெரிந்தது.

"என்ன?"

மறுபடியும் அசைந்தது.

"கேக்கலைங்க!"

பில்லக்கா பொறுத்துப் பார்த்தாள். பிறகு விறுவிறுவென்று நடந்து, சுவரில் இருந்த மெயின் சுவிட்சைப் பிடித்து இழுத்தாள். பெரிய ரம்பம், சாணை, மின்விசிறி எல்லாம் முனகி அடங்கின. அந்த அமைதியில் சாணைக்காரரின் குரல் மட்டும் ஆலை முழுக்க முழங்கியது:

"அன்னிக்கே கேட்டிருந்தா அன்னிக்கே சரின்னு சொல்லியிருப்பேன்னு சொன்னேன்!"

சொல்லியிருப்பான் இல்லை, சொல்லியிருப்பேன். அவருக்கே அது அப்புறம்தான் உறைத்தது. பில்லக்கா சிரிப்பை அடக்க முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். கண்ணில் நீர் வந்துவிட்டது.

"அநியாயம்! அவருக்குத் தழும்பே கிடையாதே!" லாரியிலிருந்து ஒரு கூச்சல்.

"உங்க கண்ணைக் கட்டத்தான் அதை வெச்சேன்" என்றாள் அவள்.

முதலாளி தலையில் கை வைத்துக்கொண்டு ஓடி வந்தார். "காதலெல்லாம் இருக்கட்டும். பாதி அறுத்த மரத்துல ரம்பம் மாட்டிக்கிச்சு! நிறுத்தினவங்களே எடுத்துக் குடுங்க!"

அறுத்த பிளவை அகட்டினால்தான் ரம்பம் வெளியே வரும். அவள் பிளவில் ஆப்பை வைத்துப் பிடித்துக்கொண்டாள், சாணைக்காரர் சுத்தியலை ஓங்கினார்.

"பாத்து. விரல் இருக்கு" என்றார்.

"தெரியுது. நீங்க முதல்ல கண்ணைத் திறந்து அடிங்க."