வெடிக்காத பீரங்கிக்கு அரை மணி நேரம்

பஞ்சு சுற்றிய குச்சியைத் தண்ணீரில் நனைத்து அப்பாவின் கீழுதட்டில் தடவிக்கொண்டிருந்தபோது தொலைபேசி அடித்தது. டெல்ஃபினா குச்சியைக் கையில் பிடித்தபடியே சமையலறைக்குப் போய் எடுத்தாள். அண்ணன் ஆர்மாண்டோ. பென்சில்வேனியாவிலிருந்து விடிவதற்கு முன்பே கிளம்பியவன், பிராவிடென்ஸ் நகரத்தைத் தாண்டி ஏதோ ஒரு பெட்ரோல் பங்கில் நின்று பேசினான்.

"இருக்காரா?"

"இருக்கார்."

"அரை மணி நேரம். வந்துடறேன்."

சரி என்றாள். அவன் போனை வைக்கவில்லை. அவனுக்குப் பின்னால் லாரி ஒன்று கடந்துபோகும் ஓசை கேட்டது.

"என்ன பேசறதுன்னே தெரியல, டெல்" என்றான். பிறகு வைத்துவிட்டான்.

அப்போது மணி ஒன்று. நவம்பர் மாத வெயில் சன்னல் வழியாகக் கட்டிலின் கால்மாட்டில் விழுந்திருந்தது. அதில் சூடு இல்லை. காலையில் வந்த நர்ஸ் நோரீன் போர்வையை விலக்கி, அப்பாவின் பாதங்களைத் தொட்டுப் பார்த்துவிட்டு, இன்றைக்குத்தான் என்று சொல்லிவிட்டுப் போயிருந்தாள். ஏதாவது பேசிக்கொண்டே இருக்கச் சொன்னாள். எல்லாப் புலனும் அடங்கிய பிறகும் காது மட்டும் கேட்டுக்கொண்டிருக்குமாம், அதுதான் கடைசியில் போகுமாம்.

"இவருக்கு அதுதான் மொதல்ல போச்சு" என்றாள் டெல்ஃபினா.

நோரீன் சிரிக்கலாமா என்று ஒரு கணம் யோசித்தாள். பிறகு தன் பையை மூடிக்கொண்டாள். அப்பாவுக்கு நினைவிருந்திருந்தால் இதே பதிலைத்தான் சொல்லியிருப்பார், இன்னும் கொஞ்சம் சத்தமாக.

அன்செல்மோ அர்ரூடாவுக்கு வலது காது இருபத்து மூன்று வயதில் போனது. இடது காது அதற்குப் பிறகு மெல்ல மெல்ல, ஒவ்வொரு வருடமும் ஒரு கதவாகச் சாத்திக்கொண்டு போனது. இரண்டாம் உலகப் போரின்போது ஒரு போர்க்கப்பலின் இரண்டாவது பீரங்கிக் கோபுரத்தில், நடு பீரங்கிக்குக் குண்டு தள்ளுகிறவர் அவர். கீழ்த்தளத்திலிருந்து குண்டு மேலே வரும். ஒரு சின்னக் காரின் எடை. அது தொட்டிலில் சாய்ந்ததும் நெம்புகோலை முழுக்கத் தள்ள வேண்டும். இயந்திரக் கை பாய்ந்து குண்டைக் குழலுக்குள் அறைந்து செருகும். அடுத்து வெடிமருந்துப் பைகள், பட்டுத் துணியில் தைத்தவை, ஆறு. அவற்றை மட்டும் மெதுவாகத் தள்ள வேண்டும், தூங்குகிற குழந்தைக்குக் கீழே இருந்து கையை எடுப்பதுபோல. வேகம் மாறிப்போனால் கோபுரத்தோடு போகவேண்டியதுதான். ஒரே நெம்புகோல், இரண்டு வேகம். போர் முடிகிறவரை அவர் கை தப்பியதில்லை.

இதெல்லாம் டெல்ஃபினாவுக்கு மனப்பாடம். அந்தக் கப்பலை ஊர் ஆற்றில் பாலத்துக்குக் கீழே நிரந்தரமாகக் கட்டி, ஊர் மக்கள் ஏறிப் பார்க்கலாம் என்று திறந்துவிட்ட நாளிலிருந்து, சனிக்கிழமைதோறும் அப்பா அங்கே போய் வந்தவர்களுக்கு விளக்கம் சொல்லிக்கொண்டிருந்தார். ஒன்பது பீரங்கிகள், மூன்று கோபுரங்கள், இருபது மைல் தூரம். மாநிலங்களின் பெயரை வைத்த இந்தக் கப்பல்களுக்குக் காலம் முடிந்தது விமானம் தாங்கிக் கப்பல்களால்தான் என்பதை ஒத்துக்கொள்வார், ஆனால் வேண்டாவெறுப்பாக. எண்பதுகளில் சில பழைய போர்க்கப்பல்களைத் தூசி தட்டி ஏவுகணைகள் பொருத்தியபோது, குழாயில் அடைத்த பட்டாசு என்று சொல்லி வானொலியை அணைத்தவர்.

பீரங்கியின் சட்டங்கள் வீட்டுக்குள்ளும் வந்துவிட்டிருந்தன. அவற்றில் ஒன்றுதான் அரை மணி நேரம். சுடச் சொல்லியும் பீரங்கி வெடிக்காமல் போனால், உள்ளே மருந்து கனன்றுகொண்டிருக்கலாம். அவசரப்பட்டுப் பின்கதவைத் திறந்தால் திறந்தவன் முகத்தில் வெடிக்கும். எனவே அரை மணி நேரம் யாரும் எதையும் தொடக் கூடாது. அவரவர் இடத்தில் உட்கார்ந்திருக்க வேண்டும். அப்பா இதைப் புல்வெட்டும் இயந்திரத்துக்கும் வைத்தார், கேஸ் அடுப்புக்கும் வைத்தார், சுதந்திர தினமான ஜூலை நான்காம் தேதி பற்றாமல் கிடக்கும் பட்டாசுக்கும் வைத்தார். எது நின்றாலும் அடுப்புக்கு மேலே இருந்த வெள்ளை நிற அலாரத்தை முப்பது நிமிடத்துக்குத் திருகிவிட்டு, கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிடுவார். டெல்ஃபினாவின் கல்யாணத்தன்று கார் கிளம்பவில்லை. தேவாலயத்தில் பாதிரியார் வாசலுக்கும் பீடத்துக்குமாக நடந்துகொண்டிருந்தார். அப்பா அலாரத்தை மடியில் வைத்துக்கொண்டு முன்சீட்டில் உட்கார்ந்திருந்தார்.

இரண்டு மணிக்குக் கீழ்வீட்டு இடலீனா கீரைச் சூப் கொண்டுவந்து கதவருகே வைத்துவிட்டு, உள்ளே வராமல் சிலுவை போட்டுக்கொண்டு இறங்கிப் போனாள். டெல்ஃபினா சூப்பைக் குளிர்சாதனப் பெட்டிக்குள் வைத்தாள். சன்னலுக்குப் போய்ப் பார்த்தாள். அண்ணனின் வண்டி வரவில்லை. அரை மணி நேரம் என்று சொல்லி ஒரு மணி நேரம் ஆகியிருந்தது.

அவன் வரும்வரை அப்பா தாங்க வேண்டும். வேறு எதையும் அவள் நினைக்கவில்லை. பதினோரு வருடங்களாக அப்பாவுக்கும் அவனுக்கும் பேச்சு இல்லை.

அதுவும் அந்தக் கப்பலில்தான் நடந்தது. ஒரு சனிக்கிழமை, கோபுரத்துக்குள் பத்துப் பன்னிரண்டு பேர் நெருக்கியடித்து நிற்க, யாரோ ஒரு பெண்மணி குண்டு விழுந்த இடம் எப்படி இருந்தது என்று அப்பாவைக் கேட்டாள். அப்பா சொல்லத் தொடங்கினார். தீவின் கரை, தென்னைகள், அதற்கு மேல் எழும்பிய புகை. ஆர்மாண்டோவுக்கு ஆலை மூடி வேலை போயிருந்த காலம் அது. மத்தியானமே இரண்டு பியர் குடித்துவிட்டு வந்து நுழைவாயிலில் தலையை மட்டும் உள்ளே நீட்டிக்கொண்டிருந்தான்.

"அவர் எதையும் பாக்கல, மேடம். சன்னலே இல்லாத இரும்புப் பொட்டிக்குள்ள உக்காந்து ஒரு கம்பியத் தள்ளினவர். கடலப் பாத்திருந்தாலே அதிகம்."

சிலர் சிரித்தார்கள். அப்பா மீதி விளக்கத்தையும் முடித்தார். வந்தவர்களை வரிசையாக வெளியே அனுப்பினார். பிறகு தொப்பியைக் கழற்றி அலுவலக ஆணியில் மாட்டிவிட்டு வீட்டுக்கு வந்தார். மறுபடி கப்பல் பக்கம் போகவில்லை. பாலத்தில் போகும்போதுகூட மறுபக்கம் திரும்பிக்கொள்வார். ஆர்மாண்டோ சொன்னது பொய்யாக இருந்திருந்தால் அடித்திருப்பார், மறுவாரம் சமாதானமும் ஆகியிருக்கும்.

இரண்டரை மணிக்கு அப்பா ஒரு மூச்சு விட்டார். அடுத்த மூச்சுக்கு டெல்ஃபினா காத்திருந்தாள். காலையிலிருந்தே மூச்சுகளுக்கு நடுவில் இடைவெளி நீண்டுகொண்டுதான் வந்தது, அதனால் முதலில் ஒன்றும் தோன்றவில்லை. தெருவில் யாரோ இலைகளை வாரிக்கொண்டிருந்தார்கள். இரும்பு வாரியின் சத்தம் நாலைந்து முறை கேட்டு நின்றது. அவள் அவர் மார்பில் உள்ளங்கையை வைத்தாள். எடுத்தாள். குனிந்து இடது காதுப் பக்கம் "அப்பா" என்றாள்.

நோரீனின் எண் குளிர்சாதனப் பெட்டியின் கதவில் ஒட்டியிருந்தது. கூப்பிடத்தான் சமையலறைக்குப் போனாள். ஆனால் கை அடுப்புக்கு மேலே போய், வெள்ளை அலாரத்தை முப்பதுக்குத் திருகியது. ஏன் என்று அவளுக்கே தெரியவில்லை. அவர் திரும்பி வருவார் என்றெல்லாம் அவள் நினைக்கவில்லை. நின்றுபோன எதையும் உடனே தொட்டு அவளுக்குப் பழக்கமில்லை, அவ்வளவுதான். திரும்பி வந்து நாற்காலியில் உட்கார்ந்து கைகளைக் கட்டிக்கொண்டாள். அழுகை வரவில்லை. கழுத்தில் சட்டையின் விளிம்பு உறுத்துவது மட்டும் தெரிந்தது.

மூன்றுக்குக் கால் மணி இருக்கும்போது கீழே வண்டிக் கதவு சாத்தும் ஓசை கேட்டது. இரண்டிரண்டு படிகளாக ஏறி வந்தான். அவள் எழுந்து முன்னறைக் கதவைத் திறந்தாள். சொல்ல வேண்டிய ஒற்றைச் சொல் வாயில் தயாராக இருந்தது. ஆர்மாண்டோவுக்கு முன்முடி முழுக்கப் போய்விட்டிருந்தது. மூச்சு வாங்கியது.

"கோச்சுக்காத, டெல். நேரா வரல. கப்பலுக்குப் போயிட்டேன்."

அவள் அவனையே பார்த்தாள்.

"வெறுங்கையோட எப்படி அவரு முன்னாடி வந்து நிக்கறது? ஒரு பேச்சாவது வேணும்ல. அதுக்காகத்தான் போனேன். நேரம் போனதே தெரியல."

அவள் வாயை மூடிக்கொண்டாள். வழிவிட்டு ஒதுங்கினாள். அவன் மேலங்கியைக்கூடக் கழற்றாமல் உள்ளே போனான்.

அவன் பழக்கம் மறக்காமல் இடது பக்கம் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தான். போர்வைக்கு மேலே, அப்பாவின் கை இருந்த இடத்தில், தன் கையை வைத்தான். டெல்ஃபினா நிலைப்படியில் நின்றாள். அப்பாவின் வாய் லேசாகத் திறந்திருந்தது, சாப்பாட்டுக்குப் பிறகு சாய்வு நாற்காலியில் தூங்கும்போது இருப்பதுபோலத்தான்.

"அப்பா, நான்தான்" என்று ஆர்மாண்டோ சத்தமாகச் சொன்னான். பிறகு, டிக்கெட் கொடுக்கிற அம்மாள் அப்பாவை விசாரித்ததைச் சொன்னான். தளத்துக்குப் புதிதாகப் பலகை போட்டிருப்பதைச் சொன்னான். அங்கே இன்னும் அதே எண்ணெய் நாற்றம்தான் அடிக்கிறது என்றான். பேசப் பேசக் குரல் தானாக இறங்கியது.

"உன் எடத்துல உக்காந்து பாத்தேன். கயிறு கட்டி வச்சிருந்தாங்க, தாண்டிப் போயி உக்காந்தேன். முட்டி ரெண்டும் இடிக்குது. அந்தக் கம்பியப் பிடிச்சேன். நகரல. அப்படியே இறுக்கி வச்சுட்டாங்க போல."

பாதங்களைத் தரையில் இழுத்து வைத்துக்கொண்டான்.

"வெளிய ஒண்ணுமே தெரியலப்பா. எந்தப் பக்கம் ஆறு, எந்தப் பக்கம் பாலம்னுகூடத் தெரியல. கப்பல் கட்டிப் போட்டிருக்கு, ஒருத்தனும் என்னச் சுடல, அப்பவே எனக்குக் கை வேர்த்துடுச்சு. இதுக்குள்ள உக்காந்து, கண்ணுக்கு ஒண்ணும் தெரியாம, அதையும் மெதுவாத் தள்ளணும்னா…"

அப்போது சமையலறையில் அலாரம் அடித்தது.

பழைய அலாரம். தகரத்தில் கரண்டியை உருட்டியதுபோல நடுங்கி நடுங்கி அடித்தது. டெல்ஃபினா நகரவில்லை. ஆர்மாண்டோ தலையைத் திருப்பி அவளைப் பார்த்தான்.

"அடுப்புல என்ன வச்சிருக்க?"

"சூப்."

அடுப்பிலிருந்து எந்த வாசனையும் வரவில்லை. அந்த அலாரத்தை அரை மணிக்குத் திருகுவது எதற்கென்று அந்த வீட்டில் வளர்ந்த இருவருக்கும் தெரியும். அவன் பார்வை அவளிடமிருந்து அப்பாவின் மார்புக்குப் போனது. அங்கேயே நின்றது. அலாரம் அடித்து அடித்து மெலிந்து, கடைசியாக ஒரு தட்டுத் தட்டி ஓய்ந்தது.

போர்வை மேல் இருந்த கையை அவன் எடுக்கவில்லை. அப்பாவின் பக்கம் திரும்பினான்.

"நானா இருந்தா கத்திக்கிட்டு வெளிய ஓடியிருப்பேன்" என்றான். "அதச் சொல்லத்தான் வந்தேன்."

அதற்குப் பிறகும் பேசினான். பாலத்தில் சாலை வேலை நடப்பதையும், தான் இருக்கும் ஸ்க்ராண்டனில் இந்த வருடம் முன்கூட்டியே உறைபனி விழுந்துவிட்டதையும், தன் மகள் பல் கட்டும் வேலை படிப்பதையும், ஊரிலிருந்து வந்த ஒருவர் எதிரில் உட்கார்ந்து சொல்கிற மாதிரி வரிசையாகச் சொன்னான். டெல்ஃபினா கதவு நிலையில் சாய்ந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள். சொல்ல ஒன்றும் இல்லாமல் போனதும் எழுந்தான்.

"நர்ஸக் கூப்பிடணும்ல?"

"கூப்பிடறேன்."

நோரீன் வந்து சேர நாலு மணி ஆயிற்று. ஸ்டெதஸ்கோப்பை மார்பில் வைத்துக் கேட்டாள். இமைகளை விலக்கிப் பார்த்தாள். இருவரையும் பார்த்துப் பொதுவாக வருத்தம் சொன்னாள். பிறகு அட்டையில் காகிதத்தைச் செருகிக்கொண்டு, எத்தனை மணிக்கு என்று கேட்டாள்.

டெல்ஃபினா வாயைத் திறந்தாள்.

"மூணு மணி" என்றான் ஆர்மாண்டோ. "ரெண்டு பேரும் பக்கத்துலதான் இருந்தோம்."

நோரீன் அப்பாவின் முன்கையைத் திருப்பி அடிப்பக்கத் தோலை விரலால் அழுத்தி, உயிர் போய் எவ்வளவு நேரமாகியிருக்கும் என்று பார்த்தாள். டெல்ஃபினாவின் முகத்தை ஒருமுறை பார்த்தாள். பேனா காகிதத்துக்கு மேலே சற்று நின்றது. பிறகு மூன்று என்று எழுதி, கீழே கையெழுத்துப் போட்டாள். இறுதிச் சடங்கு நிலையத்துக்கு அவளே தொலைபேசியில் சொன்னாள். வண்டி வந்துகொண்டிருக்கிறது, மாடிப்படி வளைவில் சக்கரக் கட்டிலைத் திருப்ப முடியாது, தூக்குப்படுக்கையில்தான் இறக்க வேண்டும் என்றாள்.

"என் வண்டி வழியில நிக்குது" என்றான் ஆர்மாண்டோ. சாவியைத் தேடி இரண்டு பைகளிலும் கையை விட்டான். அது கையிலேயே இருந்தது. படியிறங்கிப் போனான், இந்த முறை ஒவ்வொரு படியாக.

டெல்ஃபினா சன்னலிலிருந்து பார்த்தாள். அவன் வண்டியைப் பின்னால் எடுத்து, எதிர்ப்புறம் நடைபாதையை ஒட்டி நிறுத்தினான். நேராகத்தான் நின்றது. இறங்குவான் என்று பார்த்தாள். இறங்கவில்லை. விளக்குகள் மறுபடி எரிந்தன. முன்னால் எடுத்தான், திரும்பப் பின்னால் வந்தான், சக்கரத்தைத் திருப்பி இன்னும் ஓர் அங்குலம் ஒட்டி நிறுத்தினான். மறுபடி எடுத்தான். இலை வாரிக்கொண்டிருந்தவர் வாரியை ஊன்றி நின்று பார்த்தார்.

தெருமுனையில் கறுப்பு வண்டி திரும்பியது. அவன் முடிக்கட்டும் என்று அங்கேயே காத்து நின்றது.