லயனுக்குப் பின்னால் வெடித்த தரை

பத்தொன்பது வருடங்களாகக் கமலாசனி தொலைக்காட்சிக்குச் சிறுவர் நிகழ்ச்சி எழுதி இயக்கி வந்தாள். வாரம் ஓர் ஊருக்குப் போய், அங்குள்ள பிள்ளைகளையே தங்கள் ஊர்ச் செய்தியைச் சொல்ல வைப்பாள். அந்தக் கார்த்திகை மழையில் நாவலப்பிட்டிக்கு மேலேயுள்ள தேயிலைத் தோட்டமொன்றில், பன்னிரண்டு வீடுகள் ஒரே வரிசையாய் ஒட்டி நின்ற லயனிலிருந்து செய்தி சொல்ல வந்தவள் லோகினி, ஒன்பது வயது.

"எங்க லயனுக்குப் பின்னால தரை வெடிச்சிருக்கு மிஸ். திங்கக்கிழமை அந்த வெடிப்புக்குள்ள ரெண்டு விரல்தான் போச்சு. இன்னைக்கு முழுக் கையும் போகுது."

"உது வேண்டாம் பிள்ளை. பாக்கிற சின்னப் பிள்ளையள் பயந்திடுவினம். உங்கட கோழிக்குஞ்சைப் பற்றிச் சொல்லுங்கோ."

லோகினி கோழிக்குஞ்சைப் பற்றிச் சொன்னாள். சிரிக்கச் சொன்ன இடத்தில் சிரித்தாள். நடுவில் மழை கொட்டியதால் மிச்சத்தைப் பின்னேரம்தான் எடுத்தார்கள்.

மறுநாள் காலை கண்டியில் படத்தொகுப்புக்கு உட்கார்ந்தபோது கமலாசனியின் கை நின்றது. காலைக் காட்சியில் பிள்ளைக்குப் பின்னால் லயன் முற்றத்துக் கொடிக் கம்பம் நேராக நின்றது. பின்னேரக் காட்சியில் அது சரிந்திருந்தது. அதற்கும் பின்னால் மலை மண்ணைத் தாங்கி நின்ற கல் அணை ஒரு முழம் கீழே இறங்கியிருந்தது.

லோகினியின் தகப்பன் யுகேஷுக்கு அழைத்து, உடனே லயனை விட்டு இறங்கச் சொன்னாள்.

"மழை கொஞ்சம் விட்டிருக்குங்க. நாளைக்குப் பாத்துக்கலாம்."

"நாளை வரைக்கும் நிக்காதேங்கோ! எல்லாரையும் பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிக்கொண்டு போங்கோ. நான் வாறன்."

கமராக்காரன் ஸமீம் வேனை விரட்டினான். போய்ச் சேர்ந்தபோது லயனில் ஒருவரும் அசைந்திருக்கவில்லை. கமலாசனி கத்தினாள், கெஞ்சினாள். கடைசியில் கமராவின் சின்னத் திரையில் இரண்டு காட்சிகளையும் போட்டுக் காட்டினாள். பெண்கள்தான் முதலில் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு இறங்கினார்கள்.

எல்லோரும் பள்ளிக்கூடத்துக்கு வந்த பிறகு, லோகினியின் பக்கத்து வீட்டுத் தியாகராஜா தன் பசுவை அவிழ்த்து வருகிறேனென்று திரும்பிப் போனார். அவர் போய்க் கால் மணி நேரமிருக்காது, கல் லொறி கொட்டுவது போல ஒரு சத்தம். மலை இறங்கிப் பன்னிரண்டு வீடுகளையும் மூடிவிட்டது.

"தியாகராஜா மாமா எங்க மிஸ்?" என்று லோகினி கேட்டாள்.

கமலாசனி பிள்ளையின் பக்கத்தில் குந்தினாள். நேற்றே இந்தப் பிள்ளையைப் பேச விட்டிருக்கலாம். பேசியிருந்தால் அந்த வெடிப்பை நேற்றே போய்ப் பார்த்து எல்லோரையும் எச்சரித்திருக்கலாம்; அந்த மனுசன் இரவே பசுவோடு இறங்கியிருப்பார்.

மழை தகரத்தில் அடித்துக்கொண்டே இருந்தது. அதே சரிவில் கீழே இருக்கும் இன்னொரு லயன் சனத்தை இன்னும் யாரும் இறக்கவில்லை என்று யுகேஷ் வந்து சொன்னான். கமலாசனி எழுந்து, ஸமீமிடம் வேனை எடுக்கச் சொன்னாள்.