வரி வேறு, சாக்கடை வேறு

சின்னப்பா செத்த அன்று மழையில்லை. ஆனாலும் அவர் வீட்டு வாசலில் முழங்கால் அளவுக்குத் தண்ணீர் நின்றது. தங்கச் சுரங்கம் ஓடிய காலத்தில் கட்டிய சாக்கடை எங்கோ இடிந்து அடைத்துக்கொண்டதிலிருந்து, மேட்டு லைன் வீடுகளின் கக்கூஸ் தண்ணீரெல்லாம் அந்தப் பள்ளத்துச் சந்தில்தான் வந்து தேங்கும். பாடை தூக்கியவர்கள் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு அதில் இறங்கினார்கள். மகள் நிவேதாவும் கூடவே இறங்கினாள்.

கவுன்சிலர் முனியப்பன் ரோஜா மாலையோடு வந்திருந்தார். தண்ணீரின் விளிம்புவரை வந்தவர் கைக்குட்டையால் மூக்கைப் பொத்திக்கொண்டு மாலையை நீட்டினார்.

"என் பேரச் சொல்லி நீங்களே போட்டுடுங்கப்பா. நான் இங்கியே நின்னு கும்பிட்டுக்கறேன்."

நிவேதாவின் அழுகை சட்டென்று நின்றது. கோபம்கூட வரவில்லை. கோபப்பட எதிரில் ஒரு மனுஷனாவது வேண்டாமா? அங்கே நின்றது இஸ்திரி போட்ட வெள்ளைத் துணி, அவ்வளவுதான்.

"வேணாம் சார்," என்றாள். "எங்கப்பாவ நாங்க அனுப்பிக்கறோம். நீங்க செருப்பு நனையாம ஊட்டுக்குப் போங்க."

காரியம் முடிந்த வாரமே, பெங்களூரு வேலைக்கு லீவு போட்டுவிட்டு நகராட்சிக்குப் போனாள். இன்ஜினியர் டீயில் பிஸ்கட் நனைத்துக்கொண்டிருந்தார்.

"அது சுரங்கக் கம்பெனி எடம்மா. நாங்க கைவைக்கக் கூடாது."

"வருசா வருசம் ஊட்டு வரி வாங்கறீங்களே, அப்ப மட்டும் அது யாரு எடம் சார்?"

"வரி வேற, சாக்கட வேற."

பிஸ்கட் உடைந்து டீக்குள் விழுந்தது. அதைக் கரண்டியால் துழாவி எடுப்பதில் அவர் காட்டிய அக்கறையில் கால்வாசி காட்டியிருந்தால் அந்தச் சந்து என்றோ காய்ந்திருக்கும். நிவேதா எழுந்து வந்துவிட்டாள். இவர்களிடம் கெஞ்சுவதற்குச் சாக்கடையிடமே கெஞ்சலாம் என்று தோன்றியது.

கோலாரில் லவினா என்ற வக்கீலைப் பிடித்து வழக்குப் போட்டாள். நகராட்சியின் வக்கீல் நிதியில்லை என்றார், இடம் யாருடையது என்ற தகராறு தீரவில்லை என்றார். நீதிபதி அம்மா கேட்டுவிட்டுச் சொன்னார்: "குடியிருப்பவர்களுக்குச் சாக்கடை கட்டித் தருவது உங்கள் தயவு இல்லை, சட்டம் சொல்லும் கடமை. பணமில்லை என்று அதைத் தட்டிக்கழிக்க முடியாது."

அடுத்த மாதம் ஆட்கள் வந்தார்கள். வழக்கு நிவேதாவின் பெயரில் இருந்ததால் அவள் வீட்டு முன்னால் மட்டும் சிமெண்டுக் கால்வாய் கட்டினார்கள். அது பக்கத்து வீட்டு மரியகுழந்தையின் வாசலில் போய் முட்டி நின்றது. அதுவரை இரண்டு வாசல்களிலும் நின்ற அசிங்கமெல்லாம் இப்போது மரியகுழந்தையின் வீட்டுப் படியேறியது.

"உங்க வாசல் க்ளீனாயிடுச்சி பாருங்க. வேல முடிஞ்சிதுன்னு கோர்ட்டுக்கு ஒரு கையெழுத்து போட்டுட்டா கேஸ் முடிஞ்சிடும்," என்றார் இன்ஜினியர்.

மரியகுழந்தை துடைப்பமும் கையுமாகத் தன் வாசலில் நின்று நிவேதாவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நீங்க போயி அந்தக்கா வாசல்ல கொஞ்ச நேரம் நில்லுங்க சார். அப்புறம் போடறேன்," என்றாள் நிவேதா.

அவர் தன் ஷூவைப் பார்த்தார். பேனாவைச் சட்டைப் பையில் செருகிக்கொண்டு போய்விட்டார்.

கோர்ட்டில் நீதிபதி அவரைக் கேட்டார்: "கால்வாய் முடியும் இடத்தில் தண்ணீர் எங்கே போகிறது?"

"முன்னாடி போகுது மேடம்."

"முன்னாடி என்ன இருக்கிறது?"

அவர் கையிலிருந்த ஃபைலைப் புரட்டினார். வேலை முழுவதும் முடியும்வரை ஒவ்வொரு வாய்தாவுக்கும் நகராட்சி கமிஷனர் நேரில் வந்து நிற்க வேண்டும் என்று உத்தரவானது. ஜனங்கள் மலத்தில் நடந்தபோது கரையாத மனசு, கமிஷனர் கோலாரில் கூண்டோரம் நிற்க வேண்டும் என்றதும் கரைந்தது. கம்பெனி இடம் என்ற பேச்சே மறந்துபோனது. மழைக்காலம் வருவதற்குள் மேட்டு லைனிலிருந்து ஊரின் பெரிய சாக்கடைக் குழாய்வரை கால்வாய் ஓடியது.

திறப்பு விழாவுக்கு முனியப்பன் தன் படம் போட்ட பேனரோடு வந்தார். மூடி போட்ட கால்வாய்மேல் நின்று, இது என் மக்களுக்கு நான் தரும் பரிசு என்றார்.

"பரிசா?" என்று மரியகுழந்தை கூட்டத்திலிருந்து கத்தினாள். "கோர்ட்டு காதத் திருகிக் குடுக்க வச்சதுக்குப் பேரு பரிசா?"

சந்தே சிரித்தது. முனியப்பனும் அசடு வழியச் சிரித்து, ரிப்பன் வெட்ட நிவேதாவைக் கூப்பிட்டார்.

"எனக்கு ரயிலுக்கு நேரமாச்சி," என்று அவள் பையை மாட்டிக்கொண்டு நடந்தாள்.

ரிப்பனை அவரே வெட்டிக்கொண்டார். அவர் கூட்டிவந்த ஆட்கள் கைதட்டினார்கள்.