மூட்டை இல்லாத வேலை

முதுகு விண்விண்ணென்று தெறித்தது. இத்தனை வருஷம் மூட்டை சுமந்தபோது வராத வலி, பெஞ்சில் உட்கார்ந்ததில் வந்தது.

கூலியை உயர்த்திக் கேட்டதற்காக என்னையும் என் கூட்டாளி மொட்டையையும் கிடங்கு மானேஜர் வெளியே அனுப்பினார். கோர்ட்டுக்குப் போனோம். பழைய வேலையையே திரும்பக் கொடுக்கச் சொல்லி உத்தரவு வந்தது. மானேஜர் கொடுத்தார்: வாசலில் ஒரு பெஞ்ச். காலையில் ஒரு கையெழுத்து, சாயங்காலம் ஒரு கையெழுத்து. நடுவில் லாரிகள் வரும், வெளியாட்கள் இறக்குவார்கள், நாங்கள் வேடிக்கை பார்ப்போம். எங்களுக்கு மூட்டைக்குத்தான் கூலி. பெஞ்சுக்குக் கிடையாது.

"வீட்டுல அடுப்பு தூங்குது, நீங்க பெஞ்சுல தூங்குறீங்க" என்றாள் என் மனைவி. இப்படியே போனால் நாங்களாகவே வேலையை விட்டு ஓடிவிடுவோம். மானேஜர் காத்திருந்தது அதற்குத்தான்.

எங்கள் வக்கீலம்மா கோர்ட் அவமதிப்பு வழக்குப் போட்டார். மானேஜர் மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டையில் வந்து, இருவரும் தினமும் வேலைக்கு வருவதாக எங்கள் கையெழுத்து நோட்டைக் காட்டினார். நீதிபதி அதைப் புரட்டிக்கூடப் பார்க்கவில்லை. நேற்று இவர்கள் என்ன சுமந்தார்கள் என்று கேட்டார். மானேஜர் தன் வக்கீலைப் பார்த்தார். வக்கீல் மின்விசிறியைப் பார்த்தார்.

"நாளைக்குக் காலையில மூட்டையைக் கொடுத்துட்டு, மதியம் நீங்களே வந்து சொல்லுங்க. இல்லைன்னா ஜெயிலுக்கு மாத்துத் துணியோட வாங்க" என்றார் நீதிபதி.

மறுநாள் நாங்கள் போனபோது மானேஜர் லாரியை ஒட்டி நின்றிருந்தார். படம் பிடிக்கக் கணக்கர் செல்போனோடு தயார். நான் முதுகைக் கொடுத்துக் குனிந்தேன். மொட்டை மூட்டையின் ஒரு மூலைக் காதைப் பிடித்தான். மறு காதுக்கு ஆளில்லை. படத்தில் வெளியாட்கள் விழுந்துவிடக் கூடாதென்று அத்தனை பேரையும் மானேஜர் துரத்திவிட்டிருந்தார். ஒருவன் முதுகில் மூட்டை ஏற இரண்டு பேர் தூக்கிவிட வேண்டும் என்பது அவசரத்தில் அவருக்கு மறந்துபோயிற்று. கணக்கரோ படம் பிடிப்பவன் நகரக் கூடாதென்று சொல்லிவிட்டார்.

"மாத்துத் துணி எடுத்து வச்சிட்டீங்களா சார்?" என்று மொட்டை அக்கறையாக விசாரித்தான்.

மானேஜர் சட்டைக் கையை மடித்தார். காதைப் பிடித்தார். தம் கட்டித் தூக்கினார். பாதி லாரி இறங்கும்வரை அவர்தான் எனக்கு மறு காது.

மதியம் மூட்டைத் தூசி படிந்த அதே சட்டையில் கோர்ட்டில் நின்றார். படம் தேவைப்படவில்லை. சட்டையைப் பார்த்தே நீதிபதி, உத்தரவு நிறைவேறியதென்று வழக்கை முடித்தார். மறுநாளிலிருந்து பெஞ்ச் காலி. வெளியாட்களும் நாங்களும் ஒன்றாக இறக்கினோம்.

எங்களுக்குள் ஒரு வழக்கம் உண்டு. எனக்குத் தூக்கிவிட்டவன் முதுகுக்கு நான் திரும்பத் தூக்கிவிட வேண்டும். மானேஜர் அறைக்குப் போய், எப்போது வசதி என்று கேட்டேன்.

"எனக்கா? போய்யா, போய் வேலையைப் பாரு" என்றார். சிரிப்பை அடக்கத் தெரியவில்லை அவருக்கு.

போய் வேலையைப் பார்த்தேன். மானேஜர் முதுகுக்கு நான் தூக்கிவிட வேண்டிய பாதி லாரி மூட்டை இன்னும் பாக்கி.