அலெக்சாண்டரின் தங்கைக்கு ஒரு சக்களத்தி

1

"நடுக்கடல்ல அவ கேட்டா என்ன சொல்லுவ?"

"ராஜா உயிரோட இருக்காரு, உலகத்தையே ஆளுறாருன்னு சொல்லுவேன்."

"அவரு செத்து ரெண்டாயிரம் வருஷத்துக்கு மேல ஆச்சே!"

"படகு கவிழணுமா செவஸ்தி?"

கதை பிறந்தது ஒரு கணவன் மனைவியின் இந்தப் பேச்சில்தான். படகுத்துறைக் காப்பிக்கடையில் பக்கத்து மேசையில் இருந்தேன். ஒட்டுக்கேட்டேன், மறைப்பானேன்? 'அவள்' என்பது கோர்கோனா. அலெக்சாண்டர் மன்னனின் தங்கை, இடுப்புக்குக் கீழே மீன். படகை மறித்து, அண்ணன் உயிரோடிருக்கிறானா என்று கேட்பாள். இல்லை என்றால் மூழ்கடித்துவிடுவாள். கிரேக்கத்தில் எங்கள் கலிம்னோஸ் தீவில் ஆண்பிள்ளைகள் முதலில் கற்கும் பொய் அந்தப் பதில்.

2

செவஸ்தி பேரழகி. ஆனால் அவள் கணவன் லெஃப்தேரிஸ்... (வேண்டாம். வேறு தொடக்கம்.)

ஈஸ்டருக்கு முன் லெஃப்தேரிஸ் படகைக் கரையேற்றி, முகப்பிலுள்ள மரக் கோர்கோனாவுக்குச் சாயம் பூசுவான். மூச்சை அடக்கிக்கொண்டு புருவம் தீட்டுவான். இந்த வருஷம் ரொட்டியும் ஆலிவும் கொண்டுவந்த செவஸ்தி பார்த்துக்கொண்டே நின்றாள்.

"என் கண்ணு என்ன நிறம், லெஃப்தேரி? திரும்பிப் பாக்காம சொல்லு."

"மரக்கட்டை மேலயா பொறாமை?"

"மரக்கட்டையைத்தானே வருஷா வருஷம் சிங்காரிக்கிற! நானும் வாயத் தொறக்காம நின்னா எனக்கும் பூசுவியோ?"

அவன் சிரித்தான். அடுத்த புருவத்துக்குத் தூரிகையைத் தோய்த்தான்.

3

(எனக்கே சந்தேகம்: ஒரு பொம்மையைப் பார்த்துப் பொருமுகிறவளாக இவளைச் சிறுமைப்படுத்துகிறேனோ? ஆனால் ஒன்று. பெண் படகேறினால் கோர்கோனாவுக்குப் பொறுக்காது என்பார்கள் எங்கள் ஆண்கள். கல்யாணமான நாளிலிருந்து செவஸ்தி கரையில் நின்று கயிறு எடுத்துக் கொடுத்ததோடு சரி. அவன் போகும் நடுக்கடலை அவள் பார்த்ததே இல்லை. யாருக்கு யார்மேல் பொறாமை, நீங்களே சொல்லுங்கள்.)

4

முடிவு: செவஸ்தி கோடரியை எடுத்து அந்தச் சிலையை... இந்த வரியை அடித்துவிட்டேன். அவள் அப்படிப்பட்டவள் இல்லை.

இன்னொன்று: லெஃப்தேரிஸ் சிலைக்கு அவளுடைய கண்களையே வரைகிறான். இனிக்கிறது; என் கை தானாக அங்கேதான் போகிறது. ஆனால் அப்போதும் அவள் கரையில்தானே நிற்பாள்?

ஆகவே படகை நீரில் இறக்கிய காலையோடு நிறுத்துகிறேன். மீதிக் கடல் உங்களுடையது. பாதிரியார் புனிதநீர் தெளித்துவிட்டுப் போய்விட்டார். லெஃப்தேரிஸ் படகிலிருந்து கை நீட்டினான். செவஸ்தி கயிற்றை விடவில்லை.

"குடு செவஸ்தி, காத்து மாறிடும்."

"என்னையும் கூட்டிட்டுப் போ."

நீட்டிய கை அப்படியே நின்றது. "ஐயோ, அவ..."

"தெரியும். அவ மறிச்சா, இந்தத் தடவ நான் பதில் சொல்றேன்."