வின்னியிடம் மிச்சமிருந்த ஒரே ஒரு சாரி

என் இரண்டு கண்ணின் மேல் ஆணை, இதில் ஒரு சொல்லும் பொய் கிடையாது. நவம்பரில் ஒரு செவ்வாய்க்கிழமை காலை, இங்கிலாந்தின் டர்ஹாம் நிலக்கரிச் சுரங்க ஊர்களில் ஒன்றான எங்கள் ஹெட்டர்பர்னில் ‘சாரி’ என்கிற சொல் தீர்ந்துபோனது. தீராமல் என்ன செய்யும்? காலை மிதித்தவன் சொல்வதற்குள் மிதிபட்டவன் சொல்லிவிடுவான். காது கேட்காவிட்டால் சாரி, வழி வேண்டுமென்றால் சாரி, சாவு வீட்டில் சாரி, சண்டையைத் தொடங்கும் முன்பும் ஒரு சாரி. விளக்குக் கம்பத்தில் முட்டிக்கொண்டால் கம்பத்துக்கும் ஒன்று. முன்பு நிலக்கரி தீர்ந்த மாதிரி இதுவும் தீர்ந்தது. வாயைத் திறந்தால் குளிர்ப்புகைதான் வந்தது.

கடைக்குள் நுழைந்த ஆல்டர்சனும் வெளியே வந்த விதவை பவுண்டரும் வாசலில் எதிரெதிரே நின்றுவிட்டார்கள். சொல்லாமல் எப்படி உரசிக்கொண்டு போவது? வியாழக்கிழமையும் அங்கேயே நின்ற அந்த இருவருக்கும் யாரோ கம்பளியும் தேநீரும் கொண்டுவந்து கொடுத்தார்கள்.

வின்னி தார்ன்பரோவிடம் மட்டும் ஒன்று மிச்சமிருந்தது. இருபது வருஷத்துக்கு முன், காய்கறிக் கண்காட்சிக்கு முதல் நாள், தம்பி கத்பர்ட் பரிசுக்காகப் பிள்ளை மாதிரி வளர்த்த லீக்ஸை (வெங்காயத்தாளுக்குப் பெரியப்பா மாதிரி, தொடை தடிமன்) தெரியாமல் பிடுங்கிச் சூப்பில் போட்டுவிட்டாள். கத்பர்ட் பேச்சை நிறுத்தினான். அவனிடம் சொல்லாததை வேறு யாரிடமும் சொல்வதில்லை என்று அன்றே வாயைக் கட்டினாள். இப்போது அவன் சுரங்கத் தூசி அடைத்த நெஞ்சோடு படுக்கையில் கிடந்தான். ஞாயிறு தாண்டாது என்றார் டாக்டர். வின்னி கோட்டை மாட்டிக்கொண்டு கிளம்பினாள்.

“வின்னி கண்ணு, அதை இங்க சொல்லிடேன். எங்க கால் மரத்துப்போச்சு,” என்று கத்தினார் ஆல்டர்சன்.

“நில்லுங்க, நில்லுங்க. ஜோடிப் பொருத்தம் நல்லாத்தான் இருக்கு,” என்றாள் வின்னி.

பால்காரன் பூட்ஸ் காலால் அவள் காலை மிதித்தான். ஊர்ப் பழக்கதோஷம் விடுமா, இருபது வருஷம் கட்டிவைத்த சொல் பல்லுவரை வந்துவிட்டது. கழுத்துத் துணியைக் கடித்து அதை விழுங்கிக்கொண்டு, நொண்டியபடியே போனாள்.

அவளைக் கண்டதும் கத்பர்ட் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டான். வின்னி சொன்னாள். அந்தச் சொல் போர்வையின் மேல் பொத்தென்று விழுந்தது. கறுப்பாக, விதை அளவு. அலமாரியில் கோப்பைகள் கிணுகிணுத்தன.

கத்பர்ட் இந்தப் பக்கம் புரண்டு, “சூப்பாவது நல்லா இருந்துச்சா?” என்றான்.

“உப்பு பத்தல.”

“மூதேவி! அந்தச் செடிக்குப் போய் உப்பு பத்தலையாம்,” என்று இருமி இருமிச் சிரித்தான். பிறகு விதையை எடுத்து விரலில் உருட்டினான். “என் மண்வெட்டி எங்க? இது முளைக்கிற வரைக்கும் நான் சாகிறதா இல்ல.”

முளைத்தது. மார்ச் முடிவதற்குள் ஊருக்கே போதும் என்கிற அளவுக்குச் சாரி காய்த்தது. கத்பர்ட் வாளியில் கொண்டுபோய் முதலில் கடை வாசலில் இன்னும் நின்ற இருவருக்கும் கொடுத்தான். அதற்குள் அவர்கள் கல்யாணம் பேசி முடித்திருந்தார்கள். இப்போது வருஷா வருஷம் விதைக்கிறோம், லீக்ஸுக்குப் பக்கத்துப் பாத்தியில்.

ஆணையிட்டுவிட்டதால் இதையும் சொல்லிவிடுகிறேன்: எங்கள் ஊர்க் கடைக்கு என்றைக்குமே உள்ளே போக ஒரு வாசல், வெளியே வர வேறு வாசல்.