பாலத்தை மூடச் சொன்னவர்

வெளியுறவு அமைச்சகத்தில் அவருக்கு வைத்திருந்த பெயர் தராசு. முகத்துக்கு நேரே யாரும் அப்படிக் கூப்பிட்டதில்லை. ஆனாலும் அது அவர் காதுக்கு எட்டியிருந்தது, உள்ளுக்குள் கொஞ்சம் பெருமையும் இருந்தது. வடக்கே ஒரு வல்லரசு, கடலுக்கு அப்பால் இன்னொரு வல்லரசு, நடுவில் இடுக்கியில் அகப்பட்ட மாதிரி இந்தச் சின்ன நாடு. மின்சாரம் வடக்கிலிருந்து வந்தது, ஆயுதமும் ஆதரவும் கடலுக்கு அப்பாலிருந்து. யார் பக்கமும் சாய்ந்துவிடாமல் அறிக்கை எழுதுவதுதான் தராசின் வேலை. 'கவலை' என்று போடுவதா, 'ஆழ்ந்த கவலை' என்று போடுவதா என்று ஒரு முழு மத்தியானத்தையும் ஓட்டக்கூடியவர்.

அன்று காலை ஜன்னல் இல்லாத அந்த அறையில் கூட்டம் நடந்தபோது, மேசையில் வைத்த காபியை யாரும் தொடவில்லை. கடலுக்கு அப்பாலிருக்கும் நண்பர்கள் ரகசியமாக ஒரு தகவல் கொடுத்திருந்தார்கள். ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருக்கும் அண்டை நாட்டுக்குள் வடக்குப் படை இந்த வாரமே நுழையப்போகிறது. வல்லரசின் தலைமையகத்துக்குள்ளேயே இருக்கும் ஒருவர் உயிரைப் பணயம் வைத்துக் கசியவிட்ட செய்தி அது.

"நம்ம ஜனங்க ஆயிரக்கணக்குல அங்க இருக்காங்க மேடம். படிக்கிறவங்க, வேலை பாக்கிறவங்க. ஏதாவது சாக்கு சொல்லித் திரும்பக் கூப்பிட்டுக்கலாம்" என்றார் தராசு.

தலைமைச் செயலாளர் ஒரு சொல்லைக்கூட வீணாக்காத பெண்மணி. மூக்குக் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார்.

"ஒரே வாரத்துல அத்தனை பேரும் பெட்டியைக் கட்டினா வடக்க இருக்கிறவனுக்கு விளங்காதா? யார் சொன்னதுன்னு தோண்டுவான். சொன்ன ஆளைத் தீர்த்துக்கட்டுவான். அப்புறம் நம்ம பக்கம் திரும்பி சுவிட்சை அணைப்பான். இந்தக் குளிர்ல ஆஸ்பத்திரி ஓடுமா?"

"அதுக்காக…"

"நமக்குத் தெரியும்ங்கிறது வெளிய தெரியாம இருக்கிறதுதான் நமக்குப் பாதுகாப்பு. நீங்க வகுத்த கொள்கைதானே? நான் புதுசா எதையும் சொல்லலையே."

அந்தப் பெண்மணி சொன்னதில் தப்புக் கண்டுபிடிக்க முடியவில்லை என்பதுதான் கொடுமை. மத்தியானத்துக்குள் தராசு தன் கையாலேயே அறிவிப்பை எழுதிக் கொடுத்தார்: 'அண்டை நாட்டில் நிலைமை வழக்கம்போல் உள்ளது. நம் குடிமக்கள் பயணத் திட்டங்களை மாற்றிக்கொள்ள வேண்டிய அவசியமில்லை.'

எழுதிவிட்டு நேராகக் கழிவறைக்குப் போய்க் கதவைத் தாழிட்டுக்கொண்டு மகளுக்குப் போன் போட்டார். ஒரே மகள். அண்டை நாட்டுத் தலைநகரில் கட்டடக்கலை படிக்கிறாள்.

"அம்மாவுக்கு உடம்பு சரியில்லைம்மா. இன்னைக்கே கிளம்பி வா."

"என்னப்பா ஆச்சு? காலையிலதானே பேசினாங்க?"

"வந்து பாரு. போன்ல சொல்ற மாதிரி இல்ல."

அடுத்து மனைவியைக் கூப்பிட்டார். "பொண்ணு வர்றா. நீ கொஞ்சம் படுத்துக்க."

"எனக்கு என்னங்க கேடு? கல்லு மாதிரி இருக்கேன்."

"படுத்துக்கன்னா படுத்துக்க. கேள்வி கேக்காத."

மனைவி சின்னக் குரலில், "சரி" என்றாள். அதற்கு மேல் கேட்கவில்லை. அவர் வேலையோடு குடும்பம் நடத்திப் பழகியவள்.

சாயங்காலம் வீட்டுக்குக் கிளம்பும்போது டிரைவர் வழக்கத்தைவிட மெதுவாக ஓட்டினார். அமைச்சகத்தில் சேர்ந்த நாளிலிருந்து தராசின் காரை ஓட்டுபவர் அவர்தான். தராசு அவரை அண்ணே என்றுதான் கூப்பிடுவார். டிரைவரின் மகனுக்கு அண்டை நாட்டில் ஒரு துணி ஆலையில் வேலை. மருமகள் நிறைமாதம்.

"சார், ஊர்ல என்னென்னவோ பேசிக்கிறாங்க. சண்டை வரும்ங்கிறான் ஒருத்தன், வராதுங்கிறான் இன்னொருத்தன். மருமக இந்த நிலைமையில பஸ்ல குலுங்கி வரக்கூடாதுன்னு டாக்டர் சொல்லியிருக்காங்களாம். ரொம்ப அவசியம்னா மட்டும் கிளம்புங்கன்னாங்களாம். அவசியமா சார்?"

கண்ணாடியில் டிரைவரின் கண்கள் மட்டும் தெரிந்தன. ஒருத்தரிடம் சொன்னால் ஊருக்கே சொன்ன மாதிரி. தகவலைக் கசியவிட்ட, யாரென்றே தெரியாத அந்த ஆள், ஆஸ்பத்திரிகள், மின்சாரம், எல்லாம் தலைக்குள் வந்து குவிந்தன.

"ஒண்ணும் இல்லண்ணே. புள்ளத்தாச்சியை எதுக்கு அலைய விடணும்? அங்கயே இருக்கட்டும்."

"நீங்க சொன்னாப் போதும் சார்." டிரைவரின் தோள்பட்டை தளர்ந்து இறங்கியது. மீதி வழி முழுக்கப் பிறக்கப்போகும் பேரக் குழந்தையைப் பற்றியே பேசிக்கொண்டு வந்தார். ஆணாக இருந்தால் தன் மூக்கு வந்துவிடுமோ என்று பயமாக இருக்கிறதாம். தராசு சிரித்தும் வைத்தார்.

மறுநாள் காலை கார் வீட்டு வாசலில் வந்து நின்றபோது மகள் வெளியே நின்றுகொண்டிருந்தாள். விடியற்காலைதான் வந்து சேர்ந்திருந்தாள். தூக்கக் கலக்கம் போகாத முகம்.

"பாப்பா எப்ப வந்துச்சு?" என்றார் டிரைவர்.

"இப்பத்தான் அங்கிள். அம்மாவுக்கு முடியலைன்னு அப்பா உடனே வரச் சொன்னாரு. அலறியடிச்சு ஓடி வந்தா, அம்மா சமையலறையில நின்னு பூரிக்கட்டை தேடிக்கிட்டு இருக்காங்க! பரீட்சை வேற இருக்கு எனக்கு." சொல்லிவிட்டுச் சிரித்தாள்.

டிரைவர் சிரிக்கவில்லை. தராசு பின் சீட்டில் ஏறி உட்கார்ந்தார். வண்டி தெருவைத் தாண்டி, கடைவீதியைத் தாண்டி, மேம்பாலத்துக்குக் கீழே போய் ஓரமாக நின்றது.

"சார். ஒரே ஒரு தடவை கேக்குறேன். அவங்களைக் கிளம்பச் சொல்லட்டுமா?"

தராசு தலையை ஆட்டினார். ஆமென்ற ஆட்டல். டிரைவர் அதற்காகக் காத்திருக்கவே இல்லை. போனைக் காதில் வைத்துக்கொண்டு கதவைத் திறந்து வெளியே இறங்கிவிட்டார். லாரிகளின் இரைச்சலுக்கு மேலே அவர் கத்துவது கண்ணாடிக்குள்ளேயும் கேட்டது. "டேய், இன்னைக்கே கிளம்புடா! பஸ் இல்லன்னா லாரியைப் புடி! ஏன்னு கேக்காத!"

அன்று கர்ப்பிணியை ஏற்றிக்கொள்ள எந்த வண்டிக்காரனும் ஒத்துக்கொள்ளவில்லை. மறுநாள் அதிகாலைப் பேருந்தில்தான் இடம் கிடைத்தது. அந்தப் பேருந்து ஊரைத் தாண்டுவதற்குள் வடக்குப் படை குண்டு போட ஆரம்பித்துவிட்டது.

ஆற்றின் மேல் இரண்டு நாட்டையும் இணைக்கும் பாலம் ஒன்றுதான். சண்டை தொடங்கிய கையோடு அதை மூடிவிட வேண்டும், அகதிகளோ தப்பி வரும் சிப்பாய்களோ நுழைந்தால் நம் நடுநிலை கெட்டுவிடும் என்று நெருக்கடிக்காலத் திட்டத்தில் எழுதியிருந்தது. எழுதியவர் தராசு. அமைதியான காலத்தில், வெயில் விழும் மேசையில் உட்கார்ந்து எழுதி, அமைச்சரிடம் கைதட்டல் வாங்கிய திட்டம். அதன்படி பாலத்தை மூடிவிட்டார்கள்.

அவர் செயலாளரின் அறைக்கு ஓடினார். "மேடம், நம்ம குடிமக்களை மட்டுமாவது விடலாம். பாஸ்போர்ட்டைப் பாத்து விடலாம்."

"பின்னாடியே அவங்க ஜனம் வரும். அதுல எவன் சிப்பாய், எவன் பொதுஜனம்னு யார் பாக்கிறது? ஒருத்தருக்குத் திறந்தா அப்புறம் மூட முடியாதுன்னு காரணமும் நீங்களே எழுதியிருக்கீங்க." செயலாளரின் கண்கள் சிவந்திருந்தன. அவரும் தூங்கவில்லை. "என் தங்கச்சி புருஷன் அங்கதான் இருக்கான். நான் யாருக்கும் சொல்லலை. என் தங்கச்சிக்கும் சொல்லலை."

அதற்கு மேல் அங்கே நிற்க அவரால் முடியவில்லை. கீழே வந்தார். டிரைவர் காருக்குள் உட்கார்ந்து, இரண்டு கையாலும் ஸ்டியரிங்கைப் பிடித்திருந்தார். வண்டி ஓடவில்லை.

"பாலத்துக்கு விடுங்கண்ணே."

வழியில் டிரைவரின் மகன் ஒருமுறை கூப்பிட்டான். போன் ஸ்பீக்கரில் இருந்தது. "அப்பா, பஸ் நின்னுடுச்சு. ரோடு பூரா வண்டி. நடக்கிறோம். அவளால முடியலைப்பா…" என்பது வரைக்கும் கேட்டது. பிறகு டிரைவர் திரும்பத் திரும்ப அழுத்தியும் லைன் கிடைக்கவில்லை.

பாலத்தின் இந்த முனையில் இரும்புத் தடுப்பு, மணல் மூட்டை, கையைப் பிசைந்துகொண்டு நிற்கும் இளம் சிப்பாய்கள். அந்த முனையில் ஜனம். தூரத்திலிருந்து பார்த்தால் பாலமே அசைகிற மாதிரி இருந்தது. சத்தம் மட்டும் ஒரே அலையாக வந்தது. அதில் எதுவும் தனிச் சொல்லாகக் காதில் விழவில்லை.

காவலுக்குப் பொறுப்பான மேஜர் தராசை அடையாளம் கண்டுகொண்டு விறைப்பாக வணக்கம் வைத்தார். கூட்டங்களில் பார்த்த பழக்கம்.

"கதவைத் திறங்க மேஜர். நம்ம பாஸ்போர்ட் இருக்கிறவங்க எல்லாரையும் விடுங்க."

"எனக்கு அப்படி உத்தரவு வரலையே சார்."

"உத்தரவைக் கொண்டு வர்றதுக்குத்தான் நானே வந்திருக்கேன். லைன் எதுவும் கிடைக்கலை, பாத்தீங்கல்ல?"

மேஜர் அவரை ஏற இறங்கப் பார்த்தார். "திட்டத்துல விதிவிலக்கு கிடையாதுன்னு படிச்ச ஞாபகம்."

"அந்தத் திட்டத்தை எழுதினதே நான்தான்யா! அதுல என்ன இருக்கு, இல்லைன்னு எனக்குச் சொல்லித் தர்றியா?"

வாழ்நாளில் அவர் அப்படிக் கத்தியதில்லை. குரல் உடைந்து நடுவில் கீச்சிட்டது. உத்தரவு என்று சொன்னது பொய் என்று மேஜருக்குப் புரிந்திருக்கும், புரியாமல் இருக்க வாய்ப்பில்லை. ஆனால் பாலத்தின் அந்த முனையை ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டு, சிப்பாய்களிடம் கையைக் காட்டினார். தடுப்பு நகர்ந்தது.

வந்தார்கள். பாஸ்போர்ட்டை வாயில் கவ்விக்கொண்டு குழந்தையைத் தூக்கியவர்கள், ஒரு காலில் மட்டும் செருப்பு போட்டவர்கள், கையில் ஒன்றுமே இல்லாதவர்கள். பாஸ்போர்ட் இல்லாதவர்களைச் சிப்பாய்கள் தள்ளிவிட்டார்கள், அவர்கள் தரையில் உட்கார்ந்து சிப்பாயின் பூட்ஸைப் பிடித்துக்கொண்டார்கள். மகளோடு படித்த பெண் ஒருத்தியும் அந்தப் பக்கமே நின்றாள். அண்டை நாட்டுக்காரி. விடுமுறையில் அவர் வீட்டுக்கு வந்து தங்கிச் சாப்பிட்டுப் போனவள். அவரைப் பார்த்ததும் "அங்கிள்!" என்று கையை உயர்த்தினாள். அவர் அவள் பக்கம் போவதற்குள் கூட்டம் அவளை விழுங்கிவிட்டது.

டிரைவர் தடுப்பை ஒட்டி நின்று ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டிருந்தார். மகன் பெயரைச் சொல்லிக் கூவிக் கூவித் தொண்டை கட்டிப்போயிற்று. பிறகு வெறும் காற்றுதான் வந்தது.

மேஜரின் கம்பியில்லாக் கருவி கரகரத்தது. தலைமைச் செயலாளரின் குரல் தராசின் காது வரைக்கும் கேட்டது. மேஜர் கேட்டு முடித்தார்.

"மூடணும் சார்."

"இன்னும் கொஞ்ச நேரம்" என்றார் டிரைவர். மேஜரின் கையைப் பிடித்துக்கொண்டார். "வந்துடுவாங்க ஐயா. புள்ளத்தாச்சி, மெதுவாத்தான் நடப்பா. நடந்து வந்துக்கிட்டு இருக்காங்க ஐயா."

தடுப்பு மூடியது. டிரைவர் அதன்மேல் நெற்றியை வைத்துக்கொண்டு நின்றார். தராசு அவர் தோளில் கை வைத்தார். டிரைவர் அந்தக் கையைத் தட்டிவிடவில்லை. திரும்பியும் பார்க்கவில்லை.

"ஒரு நாள் சார்" என்றார். "ஒரே ஒரு நாள் முன்னாடி சொல்லியிருந்தீங்கன்னா."

தராசை அங்கிருந்தே ராணுவ ஜீப்பில் ஏற்றிக்கொண்டு போனார்கள்.

நடுநிலை என்று வாயால் சொல்லிவிட்டு எல்லையைத் திறந்தவர்கள் என்று வடக்கு வல்லரசு அறிக்கை விட்டது, விட்ட கையோடு மின்சாரத்தைக் குறைத்தது. செயலாளர் சொன்னது அப்படியே நடந்தது. குளிரில் முதியோர் வார்டுகளில் உயிர்கள் போயின. ரகசியம் சொன்ன அந்த மனிதர் என்ன ஆனார் என்று யாருக்கும் தெரியவில்லை. பாலம் கடந்து வந்தவர்களில் சிலர் தராசைத் தெய்வம் என்றார்கள். வார்டில் அப்பாவை இழந்த ஒருவர் விசாரணை மன்ற வாசலில் அவர் சட்டையைப் பிடித்து உலுக்கினார். தராசு அந்த உலுக்கலுக்கு உடம்பைக் கொடுத்துக்கொண்டு நின்றார். வேலை போயிற்று. சிறையில் கொஞ்ச காலம் வைத்துவிட்டு வெளியே விட்டார்கள். மகள் வீட்டில்தான் இருந்தாள், ஆனால் அவரோடு பேசுவதில்லை. "என்னைக் கூப்பிட்ட அன்னைக்கு என் ஃப்ரண்டையும் கூட்டிட்டு வான்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேப்பா" என்று கேட்டதுதான் கடைசி.

வெயில் காலம் வந்தபோது, டிரைவரின் மருமகள் மூன்றாவது நாடு ஒன்றின் வழியாகச் சுற்றிக்கொண்டு கைக்குழந்தையோடு வந்து சேர்ந்த செய்தி தராசுக்குக் கிடைத்தது. மகன் வரவில்லை. வழியில் அவளுக்கு வலி எடுத்ததும் வண்டி தேடிப் போனவன் திரும்பவே இல்லையாம்.

அவர் போனார். போகாமல் இருக்க முடியவில்லை. டிரைவர் கதவைத் திறந்து பார்த்துவிட்டு, திறந்தது திறந்தபடியே விட்டு உள்ளே நடந்தார். அதை வரவேற்பு என்று எடுத்துக்கொள்வதா என்று தெரியாமல் இவர் நிலைப்படியிலேயே நின்றார். உள்ளே அந்தப் பெண் குழந்தையைத் தோளில் போட்டுத் தட்டிக்கொண்டிருந்தாள். காய்ந்த உதடு, கூர்மையான பார்வை.

"மாமா, யாரு வந்திருக்கிறது?"

தராசு காத்திருந்தார். என்ன சொன்னாலும் வாங்கிக்கொள்ளத்தான் வந்திருந்தார். சொன்னால் தேவலை என்றுகூட இருந்தது.

டிரைவர் குடத்திலிருந்து தண்ணீர் மொண்டுகொண்டே, "ஆபீஸ்ல என்கூட வேலை பாத்தவரும்மா" என்றார்.

"அப்படியா? உள்ள வாங்க, உக்காருங்க" என்று நாற்காலியில் கிடந்த துணியை எடுத்துவிட்டாள் அவள். "நாங்க கிளம்ப வேண்டாம்னு உங்க ஆபீஸ்ல ஒருத்தர் சொன்னாராமே, அவரை உங்களுக்குத் தெரியுமா?"

டிரைவர் டம்ளரோடு அப்படியே நின்றுவிட்டார்.

"தெரியும்மா" என்றார் தராசு. "நான்தான்."

குழந்தையைத் தட்டிக்கொண்டிருந்த கை நின்றது. அவள் அவரையே பார்த்தாள். கோபப்படுவாள், கத்துவாள் என்று நினைத்தார். அவள் நாற்காலியிலிருந்து எடுத்த துணியை எடுத்த இடத்திலேயே திரும்பப் போட்டுவிட்டு, குழந்தையோடு அடுத்த அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

டிரைவர் தண்ணீர் டம்ளரை அவர் முன்னால் நீட்டினார். அவர் அதை வாங்கி, நின்றபடியே குடித்துவிட்டு, வெயிலில் இறங்கி நடந்தார்.